ஜவ்வு தேஞ்சுபோச்சு

பொங்கல் முடிந்த அடுத்த வாரம் அம்மாவை எலும்பு டாக்டரிடம் கூட்டிப்போனேன். தரையில் உட்கார்ந்தால் எழுந்திருக்கச் சுவரைப் பிடிக்க ஆரம்பித்து இரண்டு வருஷம் ஆகிவிட்டது. மாடிப்படியில் இறங்கும்போது ஒவ்வொரு படியிலும் இரண்டு காலையும் வைத்து இறங்குகிறாள், சின்னப் பிள்ளைகள் இறங்குவதுபோல. டாக்டர் எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் செருகி, பேனா முனையால் ஒரு கோட்டைத் தொட்டுக் காட்டி, "ஜவ்வு தேஞ்சிருச்சும்மா, வயசாகுதுல்ல" என்றார். வெளியே இன்னும் நாற்பது பேர் காத்திருந்தார்கள். அவரைக் குறை சொல்ல எனக்கு மனசில்லை.

பஸ்ஸில் இடம் கிடைத்து உட்கார்ந்ததும் அம்மா கேட்டாள். "ஜவ்வுன்னா என்னடி? நீதான் தெனமும் அதையெல்லாம் வெட்டிப் பாக்குறவ."

நான் ஹிஸ்டோ லேப் டெக்னீஷியன். ஆபரேஷனில் எடுத்து அனுப்பும் திசுவை மெழுகில் பதித்து, மைக்ரோடோமில் சீவி, கண்ணாடி ஸ்லைடில் ஏற்றி, சாயம் போட்டு, நோயியல் டாக்டரின் மேசையில் வைப்பது என் வேலை. ஒரு மில்லிமீட்டரை 250 பங்காக்கினால் ஒரு பங்கு என்ன கனம் வருமோ, அந்தக் கனத்தில் சீவுவேன். 19 வருஷமாக இதைத்தான் செய்கிறேன். ஆனால் அம்மாவிடம் என்னால் சொல்ல முடிந்தது, "எலும்புக்கு நடுவுல இருக்கறதும்மா" என்பது மட்டும்தான். "அது எனக்கே தெரியுமே" என்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. ஜவ்வு என்று நாம் எதையெல்லாம் சொல்கிறோம் என்று நினைத்துப் பார்த்தேன். மேல்வீட்டு அக்கா பஸ்ஸிலிருந்து இறங்கும்போது கால் மடங்கி விழுந்தார், அவருக்கு முட்டியில் ஜவ்வு கிழிந்துவிட்டது. என் தம்பி கேஸ் சிலிண்டரைத் தூக்கப்போய் நிமிர முடியாமல் நின்றான், அவனுக்கு முதுகில் ஜவ்வு விலகிவிட்டது. சின்ன வயசில் எனக்குக் காதில் சீழ் வந்தபோது காது ஜவ்வில் ஓட்டை என்றார்கள். அப்பாவின் கறிக்கடையில் வந்து நிற்பவர்கள், "ஜவ்வெல்லாம் நீக்கிட்டுப் போடுங்கண்ணே" என்பார்கள். சொல் ஒன்றுதான். மைக்ராஸ்கோப்பின் கீழ் வைத்தால் இந்த ஐந்தும் ஐந்து விதமாக இருக்கும். ஒன்று ஆறும், ஒன்று ஆறாது, ஒன்று பாதி ஆறும். இதை அம்மாவுக்குச் சொல்லாமல் விட்டது எனக்கு உறுத்திக்கொண்டே இருந்தது. அவளுக்குச் சொன்னதைத்தான், கொஞ்சம் கூட்டி, இங்கே எழுதுகிறேன்.

அப்பாவின் கடையிலிருந்தே ஆரம்பிக்கிறேன். இந்த ஜவ்வுகளெல்லாம் பாடத்தில் இணைப்புத் திசு, உடம்பின் பகுதிகளைக் கட்டியும் தாங்கியும் வைக்கும் திசு. அதை எனக்கு முதலில் காட்டியவர் அவர்தான். திண்டுக்கல்லில் எங்கள் கடை. ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் ஆட்டைத் தொங்கவிட்டுத் தோலுரிக்கும்போது அப்பா கத்தியை ரொம்பக் குறைவாகத்தான் எடுப்பார். கால் பக்கம் ஒரு கீறல் போட்டுக்கொண்டு, முஷ்டியை மடக்கி, தோலுக்கும் சதைக்கும் நடுவில் நுழைத்துத் தள்ளிக்கொண்டே போவார். தோல் தானாக விட்டுக்கொடுக்கும். அப்படி விலகும்போது நடுவில் வெள்ளையாக, ஈரமாக, சோப்பு நுரையை இழுத்துப் பிடித்தது மாதிரி ஒரு படலம் தெரியும். விரலால் தொட்டால் ஒட்டும், இழுத்தால் நூல்நூலாக நீண்டு அறுந்துபோகும். "கத்தி போட்டா தோல்ல ஓட்டை விழும் பாப்பா, கைய விட்டா அதுவா வழி விடும்" என்பார்.

அதுதான் தளர்வான இணைப்புத் திசு. உடம்பில் எங்கெல்லாம் ஒன்றின் மேல் ஒன்று வழுக்கி நகர வேண்டுமோ அங்கெல்லாம் இது இருக்கிறது. தோலுக்கு அடியில், தசைகளுக்கு இடையில், இரத்தக் குழாய்களைச் சுற்றி. பரப்பி வைத்துப் பார்த்தால் முதலில் கண்ணில் படுவது வெறுமைதான். குடலின் உள்சுவரையோ மேல்தோலையோ பார்த்துப் பழகியவர்களுக்கு இது குழப்பமாக இருக்கும். அங்கே செல்கள் செங்கல் அடுக்கியது மாதிரி ஒன்றோடொன்று ஒட்டி நிற்கும், நடுவில் இடமே இருக்காது. இங்கே செல்கள் மானாவாரிக் காட்டில் பனைமரங்கள் நிற்பதுபோலத் தள்ளித் தள்ளி நிற்கின்றன. நடுவில் கிடப்பதெல்லாம் அந்தச் செல்களே செய்து வெளியே போட்டவை. சுருள்சுருளாக ஓடும் தடித்த கொலாஜன் நார்கள், மெல்லிய கோடாகக் கிளை பிரியும் எலாஸ்டின் நார்கள், இவற்றுக்கிடையில் நீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும் கூழ். செல், நார், கூழ் இந்த மூன்றையும் எந்த அளவில் கலக்கிறது, நாரை எந்தத் திசையில் போடுகிறது என்பதை வைத்துத்தான் உடம்பு இத்தனை வகை இணைப்புத் திசுவையும் செய்துகொள்கிறது.

நாரை நூற்பது ஃபைப்ரோபிளாஸ்ட் என்ற செல். ஸ்லைடில் அது நீளமாக, இரண்டு முனையும் கூர்ந்து, நெசவுத்தறி நாடா மாதிரி தெரியும். பக்கத்திலேயே அழுக்கு தின்னும் மேக்ரோஃபேஜ்கள் இருக்கும். மாஸ்ட் செல்களும் இருக்கும். சாதாரணச் சாயத்தில் அவற்றைக் கண்டுபிடிப்பது சிரமம். டொலுயிடின் ப்ளூ போட்டால், சாயம் நீலமாக இருந்தாலும் மாஸ்ட் செல்லின் உள்ளே இருக்கும் மணிகள் மட்டும் ஊதாவாக மாறிவிடும். பால் ஏர்லிக் 1878-ல் மாணவராக இருந்தபோது தன் ஆய்வேட்டில் எழுதிய செல் அது. கொசு கடித்த இடம் ஏன் தடிக்கிறது என்று யாராவது கேட்டால் நான் அந்த ஊதா மணிகளைத்தான் நினைத்துக்கொள்வேன். அவை உடைந்து ஹிஸ்டமின் வெளியே வந்ததும், இரத்தக் குழாயிலிருந்து நீர் கசிந்து இந்தத் தளர்வான திசுவில்தான் நிறைகிறது.

உரித்த தோலை அப்பா உப்புத் தடவி மடித்து வைப்பார். தோல் வியாபாரி வந்து எடுத்துப்போவார். அது திண்டுக்கல் தோல் ஷாப்புகளுக்குப் போகும். பள்ளிக்கூடம் போகிற வழியில் அந்த வாடையைக் கடந்துதான் போவோம். சுண்ணாம்புத் தொட்டியில் ஊறவைத்து முடியைக் கழிப்பார்கள். அடிப்பக்கம் ஒட்டியிருக்கும் சவ்வையும் கொழுப்பையும் வழித்துவிடுவார்கள். இரண்டும் போன பிறகு மிஞ்சுவது தோலின் நடு அடுக்கு மட்டும். ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்ட தண்ணீரில் அதைத்தான் பதப்படுத்துவார்கள்.

அந்த நடு அடுக்கு, அடர்த்தியான, ஒழுங்கற்ற இணைப்புத் திசு. பாடப்புத்தகத்தில் "ஒழுங்கற்ற" என்று போட்டிருப்பது எனக்கு ஒருபோதும் பிடித்ததில்லை. கொலாஜன் கட்டுகள் மேலும் கீழும், குறுக்கும் நெடுக்குமாகப் பின்னிக் கிடக்கும், அவ்வளவுதான். தோலை எந்தப் பக்கம் இழுப்பார்கள் என்று முன்கூட்டித் தெரியாதே, எல்லாப் பக்கமும் தாங்கியாக வேண்டுமே! செருப்புத் தோலைக் குறுக்கே வெட்டி உற்றுப் பாருங்கள், இந்தப் பின்னல் வெறும் கண்ணுக்கே மங்கலாகத் தெரியும். ஆவாரம்பட்டையின் டானின், பக்கத்துப் பக்கத்து கொலாஜன்களை ஒன்றோடொன்று பிணைத்து அழுகாமல் ஆக்குகிறது. எங்கள் லேபில் திசு வந்ததும் ஃபார்மலினில் போடுகிறோமே, அதுவும் புரதங்களைப் பிணைக்கும் வேலைதான். லேபில் சேர்ந்த முதல் வாரத்தில் இது புரிந்தபோது, தோல் ஷாப்பைத் தாண்டி நான் வெகுதூரம் வந்துவிடவில்லை என்று தோன்றியது. அதில் எனக்குச் சந்தோஷம்.

கொலாஜன் என்ற பெயரை இப்போது முகப்பூச்சு விளம்பரத்தில்தான் அதிகம் கேட்கிறோம். நம் உடம்பிலுள்ள புரதத்தில் நான்கில் ஒரு பங்குக்கும் மேல் இதுதான். இதன் வடிவத்தைக் கண்டறிந்தது சென்னையில். சென்னைப் பல்கலைக்கழகத்தின் இயற்பியல் துறைக்கு 1952-ல் தலைமையேற்று வந்த ஜி. என். ராமச்சந்திரனும், அவரோடு வேலை செய்த கோபிநாத் கர்த்தாவும் 1954-ல் அதை வெளியிட்டார்கள். கொலாஜனைப் பார்க்கச் சொன்னது, சென்னைக்கு வந்திருந்த பிரிட்டனில் வேலை செய்த விஞ்ஞானி ஜே. டி. பெர்னால். அடையாற்றில் மத்தியத் தோல் ஆராய்ச்சி நிலையம் பக்கத்திலேயே இருந்தது உதவியாகப் போயிற்று. கங்காருவின் வாலிலுள்ள நாணை எக்ஸ்ரே கதிரில் வைத்தபோது கிடைத்த புள்ளிகளைக் கொண்டு, மூன்று இழைகள் சேர்ந்தது கொலாஜன் என்று சொன்னார்கள். அந்த மூன்றும் ஒன்றையொன்று சுற்றி முறுக்கேறி இருக்கின்றன என்று 1955-ல் திருத்தினார்கள்.

கயிறு திரிப்பதைப் பார்த்திருக்கிறீர்களா? ஒவ்வொரு புரியையும் ஒரு பக்கமாக முறுக்கிக்கொள்வார்கள். பிறகு மூன்று புரியையும் சேர்த்து எதிர்ப்பக்கமாக முறுக்குவார்கள். அப்போதுதான் கயிறு பிரியாது. கொலாஜனும் அதே மாதிரிதான். தனித்தனி இழை இடப்பக்கம் சுழல்கிறது, மூன்றும் சேர்ந்த கயிறு வலப்பக்கம் சுழல்கிறது. முப்புரிக் கயிறு என்ற நம் சொல்லே அதற்குப் போதும். மூன்று இழையும் நெருங்கிச் சேரும் நடுப்பகுதியில் இடம் ரொம்பக் குறைவு. அமினோ அமிலங்களிலேயே மிகச் சிறியதான கிளைசின் மட்டும்தான் அங்கே நுழைய முடியும். அதனால் ஒவ்வொரு இழையிலும் மூன்றாவது இடம்தோறும் கிளைசின் வந்தாக வேண்டும். அதில் ஒன்று மாறினாலும் கயிறு அந்த இடத்தில் சரியாக முறுக்கேறாது. தொட்டாலே எலும்பு முறியும் பிள்ளைகள் சிலர் பிறக்கிறார்கள். அவர்களில் பலருக்குக் காரணம் இப்படி ஒரே ஓர் இடத்தில் கிளைசின் மாறிப்போனதுதான்.

இந்தக் கயிறு அவிழாமல் நிற்க வைட்டமின் சி வேண்டும். 1747-ல் ஜேம்ஸ் லிண்ட் என்ற கப்பல் மருத்துவர் வைட்டமின் சி குறைவால் வரும் ஸ்கர்வி நோய் கண்ட 12 மாலுமிகளைப் பிரித்து வெவ்வேறு மருந்து கொடுத்துப் பார்த்தபோது, ஆரஞ்சும் எலுமிச்சையும் தின்ற இருவர்தான் சீக்கிரம் எழுந்தார்கள். பழம் கிடைக்காத மாலுமிகளுக்குப் பல் ஆடியது, வருஷக்கணக்கில் ஆறியிருந்த பழைய காயங்கள்கூடப் பிளந்துகொண்டன. பல்லைத் தாடையோடு கட்டியிருக்கும் நாரைச் செல்கள் ஓயாமல் மாற்றிக்கொண்டே இருக்கின்றன. புதுக் கயிறு சரியாக அமையாமல் போனால் முதலில் விட்டுப்போவது அதுதான்.

கயிறு நேராக ஓட வேண்டிய இடம் தசைநாண். நாண் என்று யார் பெயர் வைத்தார்களோ, வில்லை வளைத்துப் பார்த்தவராகத்தான் இருக்க வேண்டும். தசையை எலும்போடு கட்டுவது நாண். எலும்பை எலும்போடு கட்டுவது தசைநார், ஆஸ்பத்திரியில் லிகமென்ட் என்பார்கள். இரண்டும் இழுபடுவது பெரும்பாலும் ஒரே திசையில். அதனால் கொலாஜன் கட்டுகள் ஒன்றுக்கொன்று இணையாக ஓடுகின்றன. நடுவில் ஃபைப்ரோபிளாஸ்ட்கள் நசுங்கி வரிசையாக நிற்கின்றன. ஈயோசின் சாயத்தில் நார்கள் ரோஜா நிறம். மெக்சிகோவிலும் மத்திய அமெரிக்காவிலும் வளரும் ஒரு மரத்தின் வைரத்திலிருந்து எடுக்கிற ஹீமடாக்சிலினில் செல் கருக்கள் நீல ஊதா. ஒரு லீவு நாளில் அம்மாவை லேபுக்குக் கூட்டிப்போய் இந்த ஸ்லைடைக் காட்டினேன். ரொம்ப நேரம் கண்ணை எடுக்காமல் பார்த்துவிட்டு, "தலைய நனைச்சுச் சீவுன மாதிரி இருக்கு. நடுவுல பேன் மாதிரி என்னமோ" என்றாள். சரியாகத்தான் சொன்னாள். கொஞ்சம் நெளிவு இருக்கிறதே என்றும் கேட்டாள். அது தளர்ந்திருக்கும்போது உள்ள நெளிவு. இழுவை வந்ததும் முதலில் அது நிமிரும், அதற்குப் பிறகுதான் நார் பாரத்தை வாங்கும். எலக்ட்ரான் மைக்ராஸ்கோப்பில் இன்னும் கிட்டப் போனால் ஒவ்வொரு நாரிலும் 67 நானோமீட்டருக்கு ஒரு தரம் பட்டை பட்டையாகக் கோடு விழுந்திருக்கும். கொலாஜன் மூலக்கூறுகள் ஒன்றுக்கொன்று தள்ளித் தள்ளி, செங்கல்லை மூட்டு மாற்றிக் கட்டுவதுபோல அடுக்கியிருப்பதால் வரும் கோடு.

கொழுப்பைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். கொழுப்புத் திசு ஸ்லைடில் வெறும் கண்ணாடி வலை மாதிரி தெரியும். உள்ளே ஒன்றுமே இருக்காது. நாங்கள் ஆல்கஹாலிலும் சைலீனிலும் ஊறவைக்கும்போதே எண்ணெய் கரைந்து போய்விடுகிறது, மிஞ்சுவது செல்லின் ஓரமும் அதில் ஒதுங்கிக் கிடக்கும் கருவும் மட்டும். கொழுப்பையே பார்க்க வேண்டும் என்றால் உறையவைத்து வெட்ட வேண்டும். பயிற்சிக்கு வரும் பிள்ளைகளுக்கு இதை நான் அழுத்திச் சொல்வேன். ஸ்லைடில் வெறுமையாக இருப்பது உடம்பிலும் வெறுமை என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

கறிக்கடையில் சுவரொட்டி என்று கேட்டு வாங்குவீர்களே, அந்த மண்ணீரலுக்குள்ளும் ஒரு இணைப்புத் திசு ஒளிந்திருக்கிறது. சாதாரணச் சாயத்தில் தெரியாது. வெள்ளி உப்பு போட்டால், கறுப்பு மையால் வரைந்தது மாதிரி மெல்லிய வலை முழுக்க எழுந்து நிற்கும். அதுவும் கொலாஜன்தான், மூன்றாம் வகை. இரத்த அணுக்கள் அந்த வலையில்தான் தங்குகின்றன. வெள்ளிச் சாயம் பிடிப்பது கஷ்டம், பாத்திரம் கொஞ்சம் அழுக்காக இருந்தாலும் எல்லாம் கறுத்துவிடும். நன்றாக வந்த நாளில் அந்த ஸ்லைடை நான் டாக்டரிடம் உடனே கொடுக்க மாட்டேன், ஒரு பத்து நிமிஷம் என்னிடமே வைத்துப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

இரத்தமும் இணைப்புத் திசுதான் என்று பாடத்தில் உண்டு. செல் இருக்கிறது, பிளாஸ்மா என்ற திரவம் கூழுக்குப் பதில் இருக்கிறது, நார் மட்டும் உறையும்போதுதான் தெரியும். அதில் இங்கே நிற்கவில்லை.

எலும்புக்கு வருகிறேன். எலும்பை அப்படியே சீவ முடியாது, கத்தி பல்லுப்பல்லாகப் போய்விடும். அமிலத்தில் நாள்கணக்கில் போட்டு, ஊசியால் குத்திப் பார்த்து, சுண்ணாம்புச் சத்து முழுக்க இறங்கிய பிறகுதான் மெழுகுக்குப் போகும். இறங்கிய எலும்பு கையில் வளையும். வீட்டிலேயே கோழிக்கால் எலும்பை வினிகரில் ஒரு வாரம் போட்டு வைத்தால் அதே மாதிரி வளைவதைப் பார்க்கலாம். வளைவது கொலாஜன், போனது தாது. குறுக்கே வெட்டிய எலும்பில் மரத்தின் ஆண்டு வளையம் மாதிரி வட்டம் வட்டமாக அடுக்குகள் தெரியும். ஒவ்வொரு வட்டத்தின் நடுவிலும் இரத்தக் குழாய் ஓடும் ஒரு துளை. 1691-ல் அதைப் பற்றி எழுதிய கிளாப்டன் ஹேவர்ஸின் பெயரால் ஹேவர்ஸ் குழாய் என்கிறோம். அடுக்குகளுக்கு இடையில் செல்கள் தனித்தனி அறையில் அடைந்து கிடந்தாலும், முடிபோன்ற வழிகளில் விரல் நீட்டி ஒன்றையொன்று தொட்டுக்கொண்டிருக்கின்றன. இரத்தம் கிட்டவே ஓடுகிறது. அதனால்தான் முறிந்த எலும்பு சில வாரங்களில் சேர்ந்துவிடுகிறது. வாழ்நாள் முழுக்கப் பழைய எலும்பைக் கரைத்துப் புதிதாகக் கட்டிக்கொண்டே இருக்கிறது உடம்பு.

குருத்தெலும்புக்கு இந்த வசதி ஒன்றும் இல்லை. அம்மாவின் முட்டியில் தேய்ந்தது அதுதான்.

அடுத்த தடவை ஆட்டுக்கால் வாங்கினால், மூட்டைப் பிளந்ததும் எலும்பின் முனையைப் பாருங்கள். லேசாக நீலம் பாய்ந்த வெள்ளை. ஈரம் பளபளக்கும். விரல் வைத்தால் நிற்காமல் வழுக்கும். கத்தி முனையால் அழுத்தினால் உள்ளே போகும், எடுத்தால் மறுபடி எழும்பும். முட்டியில் இது பெரும்பாலும் 2 முதல் 4 மில்லிமீட்டர் கனம்தான். இதில் இரத்தக் குழாய் கிடையாது, நரம்பு கிடையாது. எடையில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் தண்ணீர். செல்கள் 5 சதவீதத்துக்கும் குறைவு. ஸ்லைடில் பார்த்தால் நீல ஊதாக் கண்ணாடி மாதிரி பரந்து கிடக்கும், அதில் சின்னச் சின்னக் குழிகளில் ஒன்றிரண்டு செல்கள் அண்ணன் தம்பி மாதிரி ஒட்டி உட்கார்ந்திருக்கும். நாரே தெரியாது. ஆனால் இருக்கிறது, இரண்டாம் வகை கொலாஜன், கண்ணுக்குப் பிடிபடாத மெல்லிசாக. மேல்பரப்பில் அந்த நார்கள் தரைக்கு இணையாகப் பாய் விரித்தது மாதிரி படுத்திருக்கும். அடியில் போகப் போக நிமிர்ந்து, எலும்பில் தூண் நட்டது மாதிரி நிற்கும். செல்களும் அதே மாதிரி மேலே தட்டையாகவும் அடியில் ஒன்றன்மேல் ஒன்றாகவும் அடுக்கியிருக்கும். இந்த வலைக்குள் சிக்கிக்கொண்டிருக்கின்றன அக்ரிகன் என்ற பெரிய மூலக்கூறுகள். பாட்டில் கழுவும் பிரஷ் மாதிரி வடிவம். அவை தண்ணீரை இழுத்து இழுத்து வீங்கப் பார்க்கும், கொலாஜன் வலை அதற்கு மேல் வீங்க விடாமல் பிடித்திருக்கும். நாம் காலை ஊன்றும்போது தண்ணீர் கொஞ்சம் வெளியேறுகிறது, தூக்கும்போது மறுபடி உள்ளே வருகிறது. இரத்தம் வராத திசுவுக்கு அந்தப் போக்குவரத்திலும் கசிவிலும்தான் சாப்பாடு. நடந்தால்தான் அது சாப்பிடும் என்று அம்மாவுக்குச் சொன்னேன். அன்றிலிருந்து சாயங்காலம் கோயில்வரை மெதுவாகவாவது நடக்கிறாள்.

எக்ஸ்ரேயில் குருத்தெலும்பு தெரியாது. இரண்டு எலும்புக்கும் நடுவில் கறுப்பாக ஒரு இடைவெளி தெரிகிறதே, அந்த இடைவெளியில்தான் அது இருக்கிறது. இடைவெளி குறைந்துவிட்டது என்பதைத்தான் டாக்டர் பேனாவால் காட்டினார்.

மூட்டு மாற்று ஆபரேஷனில் வெட்டியெடுத்த துண்டுகள் சில சமயம் எங்கள் லேபுக்கு வரும். வெளியே பார்த்தாலே தெரியும், ஒரு பக்கம் வழுவழுப்பு போய்ப் பழைய வெல்வெட் துணி மாதிரி பிசிறடித்திருக்கும். இன்னொரு பக்கம் குருத்தெலும்பே போய், எலும்பு எலும்போடு உரசித் தந்தம் மாதிரி மெருகேறியிருக்கும். சீவிப் பார்த்தால் மேல்பரப்பிலிருந்து உள்ளே வெடிப்பு ஓடுகிறது, கோடையில் கண்மாய்த் தரை வெடிப்பது மாதிரி. சாஃப்ரனின் சாயத்தில் நல்ல குருத்தெலும்பு ஆழச் சிவப்பாக இருக்கும். இதில் மேலே சிவப்பே ஏறாது, அக்ரிகன் போய்விட்டது. வெடிப்பின் ஓரத்தில் செல்கள் பத்து இருபதாகக் கொத்துக் கொத்தாகப் பெருகி நிற்கும். சரிசெய்யத்தான் பெருகுகின்றன. ஆனால் பழையபடி நெய்ய அவற்றால் முடிவதில்லை. எத்தனை தடவை பார்த்தாலும் அந்தக் கொத்துகளைப் பார்க்கையில் எனக்கு மனசு கனத்துவிடும்.

ஏன் முடிவதில்லை? 1743-லேயே வில்லியம் ஹன்டர் என்ற உடற்கூறு நிபுணர், அழிந்த குருத்தெலும்பு மீளாது என்று எழுதிவிட்டார். 1950-களிலும் 60-களிலும் வானத்தில் வெடித்துப் பார்த்த அணுகுண்டுகளால் காற்றில் ஒரு வகைக் கார்பன் திடீரென்று கூடிற்று, பிறகு மெல்லக் குறைந்தது. அந்தந்த வருஷத்தில் உண்டான திசுவில் அந்த வருஷத்துக் கார்பன் அளவு பதிந்திருக்கும். டென்மார்க் ஆராய்ச்சியாளர்கள் அதை வைத்து 2013-ல் குதிகால் நாணையும் 2016-ல் முட்டிக் குருத்தெலும்பையும் அளந்தார்கள். குதிகால் நாணின் உள்பகுதி, ஆள் வளர்ந்து முடிகிற 17 வயசு வாக்கில் அமைந்தது அமைந்ததுதான். குருத்தெலும்பின் கொலாஜனும் வளர்ந்து முடிந்த பிறகு அநேகமாக மாறுவதே இல்லை, நோய் வந்த மூட்டிலும்கூட. சர்க்கரைச் சங்கிலி கொண்ட அக்ரிகன் பகுதி கொஞ்சம் கொஞ்சமாகப் புதுசாகிறது, வலை மட்டும் அதே பழைய வலை.

அம்மாவுக்கு 66 வயசு. அவள் முட்டியிலிருக்கும் வலை, அவள் பாவாடை தாவணி போட்டுக்கொண்டு கிணற்றடியிலிருந்து குடம் தூக்கிவந்த காலத்தில் நெய்து முடித்தது. கல்யாணம் ஆனபோது அதே வலைதான். என்னை வயிற்றில் சுமந்தபோதும், கறிக்கடையில் அப்பாவுக்குப் பதிலாக மணிக்கணக்கில் நின்றபோதும், உரலில் உட்கார்ந்து மாவாட்டியபோதும், ஒரு நூல்கூட மாற்றாமல் அதே வலைதான் தாங்கியது. "வயசாகுதுல்ல" என்று சொல்லி முடித்துவிட முடியாத விஷயம் இது. இதைச் சொன்னபோது அம்மா ஒன்றும் பேசவில்லை. முட்டியைக் கையால் பொத்தி வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தாள்.

மற்ற ஜவ்வுகளையும் சொல்லிவிடுகிறேன். தம்பியின் முதுகில் விலகியது டிஸ்க், முள்ளெலும்புகளுக்கு நடுவிலுள்ள மெத்தை. அதன் வெளிப்பகுதி நார்க் குருத்தெலும்பு. 15 முதல் 25 அடுக்கு இருக்கும், ஒரு அடுக்கின் நார் ஒரு பக்கம் சாய்ந்தால் அடுத்த அடுக்கின் நார் எதிர்ப்பக்கம் சாயும். நடுவில் கூழ். அடுக்கு கிழிந்து அந்தக் கூழ் பிதுங்கி நரம்பை அழுத்துவதைத்தான் விலகல் என்கிறோம். மெத்தை இடம்விட்டு நகர்ந்துவிடுவதில்லை. யாரோ முதுகில் ஏறி மிதித்து "உள்ளே தள்ளிவிடுவது" ஆபத்து என்று தம்பியிடம் படித்துப் படித்துச் சொன்னேன். காது ஜவ்வு ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு கனம். வெளியே தோல், உள்ளே ஈரச் சவ்வு, நடுவில் சக்கரத்தின் ஆரக்கால் மாதிரியும் வட்டமாகவும் ஓடும் கொலாஜன். சின்ன ஓட்டை பெரும்பாலும் தானே மூடிக்கொள்ளும், எனக்கு மூடியது. காது மடலில் இருப்பது இன்னொரு வகைக் குருத்தெலும்பு, எலாஸ்டின் நிறைந்தது. மடக்கிவிட்டால் திரும்ப நிமிர்வது அதனால்தான்.

முட்டிக்குள் எலும்புகளுக்கு நடுவே பிறை வடிவில் இரண்டு மெத்தைகள் இருக்கின்றன. மெனிஸ்கஸ் என்பார்கள். இதுவும் நார்க் குருத்தெலும்பு. ஸ்லைடில் பார்த்தால் தசைநாணையும் குருத்தெலும்பையும் கலந்து நெய்தது மாதிரி, ரோஜா நிறக் கட்டுகளுக்கு நடுவில் குழிகளில் செல்கள் வரிசையாக. இதன் வெளி விளிம்புக்கு மட்டும் இரத்தம் வருகிறது. உள்பக்கத்துக்கு வராது. அதனால் வெளி விளிம்பில் கிழிந்தால் ஆறவும் தைக்கவும் வழி உண்டு, உள்பக்கம் கிழிந்தால் அந்த வாய்ப்பு ரொம்பக் குறைவு.

ஆட்டுக்கால் சூப் குடித்தால் முட்டி பலப்படும் என்று அம்மாவிடம் நாலு பேர் சொல்லிவிட்டார்கள். அப்பா இருந்தவரை அவரும் அதைச் சொல்லித்தான் விற்றார், நம்பித்தான் சொன்னார். ஆட்டுக்காலில் இருக்கும் கொலாஜன் கொதிக்கும்போது முறுக்கு அவிழ்ந்து ஜெலட்டின் ஆகிறது, அதனால்தான் சூப் ஆறினால் கட்டிக்கொள்கிறது, உதட்டில் ஒட்டுகிறது. குடித்த பிறகு வயிறும் குடலும் அதை அமினோ அமிலமாகவும் சின்னத் துண்டுகளாகவும் உடைத்துவிடும். ஆட்டின் முப்புரிக் கயிறு அப்படியே போய் அம்மாவின் முட்டியில் கட்டிக்கொள்ளாது. அதிலும் காலில் பெரும்பாலும் இருப்பது முதல் வகை கொலாஜன், முட்டியில் வேண்டியது இரண்டாம் வகை. டப்பாவில் ஆயிரம் ஆயிரத்து ஐநூறு கொடுத்து வாங்கும் கொலாஜன் பொடியைப் பற்றியும் இதேதான் என் கருத்து. சூப் வைப்பதை நாங்கள் நிறுத்தவில்லை. மிளகு தூக்கலாகப் போட்டு அம்மா வைக்கும் சூப்புக்கு வேறு காரணமே வேண்டாம்.

போன வாரம் அம்மா மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். மேல்வீட்டு அக்கா முட்டியில் பட்டை கட்டிக்கொண்டு படியில் உட்கார்ந்திருந்தார். நான் உள்ளே இருந்தேன், பேச்சு காதில் விழுந்தது.

"எனக்கும் உங்களுக்கும் ஒரே வியாதிதான போலக்கா, ஜவ்வு."

"இல்ல தாயி. எனக்குத் தேஞ்சது குருத்தெலும்பு. உனக்குக் கிழிஞ்சதுன்னாங்களே, அது வேற. லிகமென்டா, அந்தப் பிறை மாதிரி இருக்கறதா? எந்தப் பக்கம் கிழிஞ்சிருக்குன்னு கேட்டியா?"

"அதெல்லாம் கேக்கலியேக்கா."

"ஸ்கேன் எடுத்தேல்ல, அந்தத் தாள எடுத்துட்டு வா. எம்மக பாத்துச் சொல்லுவா."

அக்கா படியில் ஒவ்வொரு காலாக வைத்து இறங்கிப்போய், பெரிய பழுப்பு உறையோடு திரும்பி வந்தார். கை துடைத்துக்கொண்டு வாங்கிப் பார்த்தேன். மெனிஸ்கஸ் கிழிசல், வெளி விளிம்பில்.